காங்கேசன்துறைத் தேர்தற்றொகுதியின் வரலாறு

யாழ்ப்பாணக் குடாநாட்டின் வடகரையிலே, வலிகாமத்தின் தலைப்புறத்தில் அமைந்த துறைமுகப் பட்டினம் காங்கேசன்துறை. மாவிட்டபுரத்திலே எழுந்தருளியிருக்கும் காங்கேயனாகிய முருகப் பெருமானின் திருவுருவம் வந்திறங்கிய துறையாதலின் இப்பெயர் பெற்றதென்பதும், அதற்கு முன் கயாத்துறை என வழங்கிற்று என்பதும் கன்னபரம்பரை. கீரிமலையில் நீராடிக் குதிரைமுகம் நீங்கப்பெற்ற மாருதப்புரவீகவல்லியின் கதையும் இக்கரையோடு ஒட்டியதே. இவ்வைதிகங்கள் யாவரும் அறிந்தவை. ஆனால் காங்கேசன்துறை என்னும் பெயருக்கு இன்னொரு வரலாறும் உண்டு. 1931ஆம் ஆண்டு தொடக்கம் 1989ஆம் ஆண்டு வரை, ஏறத்தாழ அறுபது ஆண்டுகள், அது ஒரு தேர்தற்றொகுதியின் பெயராகவும் நின்றது. ஒரு தொகுதி, அதற்கு ஓர் உறுப்பினர் என்ற முறையிலே அத்தொகுதி முதலில் அரசாங்க சபைக்கும், பின்னர் பாராளுமன்றத்துக்கும் பிரதிநிதிகளை அனுப்பிற்று. இன்று அம்முறையும் இல்லை. அவ்வாறான தொகுதியும் இல்லை. மாணவர் பலர் அதனைத் தேர்தல் முடிவுகள் ஒலிபரப்பாகும் இரவில் மட்டுமே கேட்கும் ஒரு பெயராக அறிவர்.

இத்தொகுதியின் சரிதத்தை வரிசையாக நோக்குவார்க்கு ஒரு வியப்பு உண்டாகும். எந்தத் தொகுதிக்கும் பெருமை, அதிலிருந்து சென்றவர் யார் என்பதனால் வருவது. காங்கேசன்துறைக்கோ, அதன் ஆசனத்தில் எவரும் இல்லாதிருந்த காலங்களே அதன் வரலாற்றின் திருப்பங்களாக அமைந்தன. மூன்று முறை அவ்வாசனம் வெறுமையாகக் கிடந்தது: 1931இல் ஒரு முறை, 1972இல் ஒரு முறை, 1983இல் ஒரு முறை. முதன்முறை மக்கள் தாமே அதனை வெறுமையாக்கினர். இரண்டாம் முறை உறுப்பினர் வெறுமையாக்கினார். மூன்றாம் முறை சட்டம் அதனை வெறுமையாக்கிற்று. இவ்வேறுபாட்டைக் கருத்திற் கொண்டு மேலே செல்வோம்.

டொனமூர் ஆணைக்குழுவின் சிபார்சின்படி இலங்கைக்குச் சர்வசன வாக்குரிமை வழங்கப்பட்டது 1931ஆம் ஆண்டிலாகும். 21 வயது நிரம்பிய ஆணும் பெண்ணும், படித்தவரும் படியாதவரும், நிலமுள்ளவரும் இல்லாதவரும் ஒப்ப வாக்களிக்கலாயினர். இனவாரிப் பிரதிநிதித்துவம் நீக்கப்பட்டு, நாடு 50 தொகுதிகளாக வகுக்கப்பட்டது. குடாநாட்டுக்கு யாழ்ப்பாணம், ஊர்காவற்றுறை, காங்கேசன்துறை, பருத்தித்துறை என நான்கு தொகுதிகள் கிடைத்தன. ஆகவே அக்காலத்துக் காங்கேசன்துறைத் தொகுதி பிற்காலத்ததைக் காட்டிலும் மிகப் பரந்தது. தொகுதிக்குப் பெயர் கொடுத்தது துறைமுகமாயினும் அதன் உயிர்நாடி உள்நாட்டு ஊர்களே. தெல்லிப்பழை, மல்லாகம், மாவிட்டபுரம், கீரிமலை முதலிய ஊர்களின் செம்மண் தோட்டங்களும், மயிலிட்டி முதலான கரையோரக் கிராமங்களின் மீன்பிடித் தொழிலும், மிசனரிமாரும் சைவப் பெரியாரும் போட்டியிட்டு நிறுவிய பாடசாலைகளும் சேர்ந்ததே அத்தொகுதி. ஊரெங்கும் பள்ளிக்கூடம், வீடுதோறும் உத்தியோகத்தர் என்று சொல்லத்தக்க அப்பகுதியிலே, வாக்குரிமை என்பது என்ன என்று விளக்கிச் சொல்ல வேண்டிய அவசியம் இருந்திருக்க முடியாது.

எனினும் அந்த வாக்குரிமையை முதன்முதல் பயன்படுத்த வேண்டிய சந்தர்ப்பத்திலே அத்தொகுதி வாக்களிக்கவில்லை. யாழ்ப்பாண வாலிபர் காங்கிரசு, டொனமூர்த் திட்டம் பூரண சுயராச்சியத்தைத் தரவில்லை என்று கூறித் தேர்தலைப் பகிஷ்கரிக்குமாறு கோரிற்று. காந்தியடிகள் 1927இல் யாழ்ப்பாணத்துக்கு வந்து சென்றதன் சூடு அப்போது தணிந்திருக்கவில்லை. வாலிபர் காங்கிரசின் தலைவர்களுள் முதன்மையானவர் ஹன்டி பேரின்பநாயகம். நியமனப் பத்திரந் தாக்கல் செய்ய வேண்டிய தினத்தில், குடாநாட்டின் நான்கு தொகுதிகளிலும் ஒருவரேனும் முன்வரவில்லை. வட மாகாணத்தின் பிற பகுதிகளும் கீழ் மாகாணமும் உறுப்பினரை அனுப்பின. தெற்கிலே பகிஷ்காரத்தைப் புகழ்ந்தவர் சிலர் இருந்தனர், பின்பற்றியவர் இல்லை.

இப்பகிஷ்காரம் சரியா பிழையா என்ற விவாதம் யாழ்ப்பாணத்தில் இன்றும் ஓய்ந்தபாடில்லை. எமது கருத்து இதுவே: அதன் நோக்கம் உயர்ந்தது, அதன் கணக்கு தவறியது. அரசாங்க சபையிலே நிர்வாகக் குழுக்கள் அமைக்கப்பட்டு, மந்திரிமார் தெரிவு செய்யப்பட்ட வேளையில் குடாநாட்டின் குரல் அங்கே இல்லை. வெற்று ஆசனம் பேச வேண்டுமானால் அதனைக் கேட்பதற்கு ஒரு சபை வேண்டும். 1931ஆம் ஆண்டுச் சபையோ, நான்கு பேர் குறைந்ததைப் பெரிதாக எண்ணாமல் தன் கருமத்தைத் தொடர்ந்தது. 1934ஆம் ஆண்டில் இடைத்தேர்தல்கள் நடைபெற்றன. காங்கேசன்துறையிலிருந்து சு. நடேசபிள்ளை அரசாங்க சபைக்குச் சென்றார்.

நடேசபிள்ளை பரமேசுவராக் கல்லூரியின் அதிபராக விளங்கிய தமிழறிஞர். சேர் பொன்னம்பலம் இராமநாதனின் மருகர். இராமநாதன் சர்வசன வாக்குரிமையை வன்மையாக எதிர்த்தவர் என்பது நினைவிற் கொள்ளத்தக்கது. மாமனார் மறுத்த வாக்குரிமையினாலேயே மருகர் சபை ஏறினார். வரலாற்றில் இத்தகைய விநோதங்களுக்குக் குறைவில்லை. 1936இலும் அவர் தெரிவு செய்யப்பட்டார். யுத்தம் காரணமாக அரசாங்க சபையின் ஆயுள் நீட்டப்பட்டமையால், 1947 வரை அவரே காங்கேசன்துறையின் உறுப்பினராக இருந்தார். அக்காலத்துத் தேர்தல்களிலே வேட்பாளர்க்குச் சின்னங்கள் இல்லை. ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு நிறப் பெட்டி. வாக்காளர் தமக்கு விருப்பமானவரின் நிறத்தையுடைய பெட்டியிலே சீட்டைப் போட வேண்டும். எழுத்தறியாதவர்க்கும் வாக்குரிமை கொடுத்தமையால் நேர்ந்த ஏற்பாடு அது.

சோல்பரி அரசியலமைப்பின்கீழ்த் தொகுதிகள் மீண்டும் வகுக்கப்பட்டன. குடிமக்கள் 75,000 பேருக்கு ஓர் ஆசனம், அதனோடு நிலப்பரப்பில் ஒவ்வோர் 1,000 சதுர மைலுக்கும் மேலதிகமாக ஓர் ஆசனம் என்பது விதி. குடி அடர்த்தி குறைந்த மாகாணங்களுக்கு இவ்விதி ஓரளவு துணை செய்தது. தெரிவு செய்யப்படும் உறுப்பினர் 95 பேர். பல இனத்தவர் கலந்து வாழும் சில இடங்களிலே இரண்டு அல்லது மூன்று உறுப்பினரைத் தெரியும் தொகுதிகள் ஏற்படுத்தப்பட்டன. கொழும்பு மத்தி மூன்று உறுப்பினரைத் தெரிந்தது. குடாநாட்டில் அவ்வாறான தேவை இல்லையென எண்ணி, ஏழு தொகுதிகளையும் தனி அங்கத்தவர் தொகுதிகளாகவே வைத்தனர். காங்கேசன்துறை அவற்றுள் ஒன்று.

தனி அங்கத்தவர் தொகுதி என்பதன் இயல்பை ஈண்டுச் சற்று விளக்குதல் வேண்டும். பின்னர் நிகழ்ந்தவற்றை விளங்குதற்கு அது இன்றியமையாதது. இம்முறையிலே போட்டியிடுவோருள் அதிக வாக்குப் பெற்றவர் வெல்வார். பாதிக்கு மேற் பெற வேண்டுமென்பதில்லை. ஐந்து பேர் போட்டியிட்டு வாக்குகள் சிதறினால், மூவரில் ஒருவரின் ஆதரவோடும் ஒருவர் வென்றுவிடலாம். தோற்றவர்க்கு வாக்களித்தவர் சபையிலே குரலற்றவராவர். இது இம்முறையின் பெருங்குறை. ஆனால் இன்னொரு பக்கமும் உண்டு. தொகுதி ஒன்று, ஆள் ஒருவர் என்பதால், எமது உறுப்பினர் யார் என்ற வினாவுக்கு ஒவ்வொரு வாக்காளரும் ஒரே பெயரை விடையாகச் சொல்ல முடிந்தது. அவர் இறந்தாலோ விலகினாலோ, அந்த ஒரு தொகுதி மட்டும் மீண்டும் தேர்தலுக்குச் செல்லும். நாடு முழுவதும் பார்த்திருக்க, ஒரு சிறு நிலப்பரப்பிலுள்ள மக்கள் தம் தீர்ப்பைத் தனியே கூறுவர். இடைத்தேர்தல் என்பது இம்முறையின் பிள்ளை.

1947ஆம் ஆண்டுத் தேர்தலில் அகில இலங்கைத் தமிழ்க் காங்கிரசின் சார்பிலே காங்கேசன்துறையில் வென்றவர் சா. ஜே. வே. செல்வநாயகம். 1898இல் மலாயாவின் ஈப்போவிலே பிறந்து, தெல்லிப்பழையிலே வளர்ந்தவர். கொழும்பிலே பெயர்பெற்ற அப்புக்காத்து. சிவில் வழக்குகளில் வல்லுநரான அவர், மேடையிலே முழங்கும் பேச்சாளரல்லர். கிறித்தவராகிய அவரைச் சைவர் பெரும்பான்மையினராய் வாழும் தொகுதி ஏற்றுக்கொண்டமை குறிப்பிடத்தக்கது. குடாநாட்டின் ஏழு தொகுதிகளுள் ஊர்காவற்றுறை தவிர்ந்த ஆறும் அத்தேர்தலிலே தமிழ்க் காங்கிரசின் வசமாயின.

வெற்றியின் ஒற்றுமை நெடுங்காலம் நீடிக்கவில்லை. மலையகத் தமிழரின் பிரசாவுரிமையைப் பறித்த சட்டங்கள் 1948இலும் 1949இலும் நிறைவேறின. காங்கிரசின் தலைவர் ஜீ. ஜீ. பொன்னம்பலம் அரசாங்கத்திற் சேர்ந்தமையோடு கட்சி பிளந்தது. செல்வநாயகம், கோப்பாய் உறுப்பினர் கு. வன்னியசிங்கம் முதலியோர் 1949 டிசம்பரில் இலங்கைத் தமிழரசுக் கட்சியைத் தொடக்கினர். சமஷ்டி என்னும் சொல் அன்று பொதுமக்களுக்குப் புதிது. 1952ஆம் ஆண்டுத் தேர்தலிலே காங்கேசன்துறை வாக்காளர் அச்சொல்லை ஏற்கவில்லை. ஐக்கிய தேசியக் கட்சியின் சார்பிலே நின்ற பழைய உறுப்பினர் நடேசபிள்ளை வென்றார். தமிழரசுக் கட்சியின் தாபகர் தமது சொந்தத் தொகுதியிலேயே தோற்றார். நாடெங்கும் அக்கட்சிக்குக் கிடைத்தவை கோப்பாய், திருகோணமலை ஆகிய இரண்டு ஆசனங்களே.

செல்வநாயகம் பற்றிப் பிற்காலத்தில் எழுதுவோர் இத்தோல்வியை ஓரிரு வரிகளிற் கடந்து செல்வதுண்டு. அது தகாது. ஒரு தொகுதி எந்தத் தலைவருக்கும் பிறப்புரிமையன்று என்பதையும், 1952இன் வாக்காளர் பிரிவினை கோரியவருமல்லர், சமஷ்டி கோரியவருமல்லர் என்பதையும் அத்தோல்வி காட்டுகின்றது. அவர்கள் ஓர் அரசாங்கக் கட்சியின் வேட்பாளரை நம்பி அனுப்பினர். அவர் சேர் ஜோன் கொத்தலாவலையின் மந்திரிசபையிலே தபால்துறைப் பொறுப்பேற்றார். சீமெந்துத் தொழிற்சாலை காங்கேசன்துறையிலே எழுந்து இயங்கத் தொடங்கியிருந்த காலம் அது. கொழும்பிலிருந்து வரும் புகையிரதப் பாதை முடிவதும் அங்கேதான். கொழும்போடு ஒத்துப்போனால் ஊர் வளரும் என்று ஒரு வாக்காளர் எண்ணியிருந்தால் அதனை அறியாமை என்று தள்ளிவிட முடியாது.

அந்நம்பிக்கையை உடைத்தவர் தமிழ்த் தலைவரல்லர். 1954இலே பிரதமர் கொத்தலாவலை யாழ்ப்பாணம் வந்தபோது, கொக்குவில் இந்துக் கல்லூரியில் நடைபெற்ற வரவேற்பிலே, சிங்களத்துக்கும் தமிழுக்கும் சம அந்தஸ்து வழங்க அரசியலமைப்பிலே இடஞ்செய்வதாகக் கூறினார். அக்கல்லூரியின் அதிபர் வேறு எவருமல்லர். 1931ஆம் ஆண்டுப் பகிஷ்காரத்தின் நாயகராகிய ஹன்டி பேரின்பநாயகமே. அவ்வாக்குறுதி தெற்கிலே பெரும் புயலைக் கிளப்பிற்று. 1956 பெப்ரவரியிலே களனியில் கூடிய ஐக்கிய தேசியக் கட்சியின் மாநாடு சிங்களம் மட்டும் என்ற கொள்கையை ஏற்றுக்கொண்டது. அதன் பின் வடக்கிலே அக்கட்சிக்காக வாக்குக் கேட்பதற்கு எவருக்கும் முகமிருக்கவில்லை. இரண்டு மாதத்திலே நடைபெற்ற பொதுத் தேர்தலில் செல்வநாயகம் காங்கேசன்துறையை மீட்டார். தமிழரசுக் கட்சி 10 ஆசனங்களைப் பெற்றது. நான்கு ஆண்டுகளிலே வாக்காளர் மாறினர் என்பதைவிட, அவர்கள் நின்ற நிலம் மாறிற்று என்பதே பொருந்தும்.

அடுத்த காலப்பகுதியை விரைந்து கடக்கலாம். 1960ஆம் ஆண்டு மார்ச்சிலும் யூலையிலும், 1965இலும், 1970இலும் செல்வநாயகமே வென்றார். 1957இலே பண்டாரநாயக்காவோடும், 1965இலே டட்லி சேனநாயக்காவோடும் ஒப்பந்தம் செய்தவர் இத்தொகுதியின் உறுப்பினரே, இரண்டும் நிறைவேறாதொழிந்தன. 1961ஆம் ஆண்டுச் சத்தியாக்கிரகத்தை அடுத்து அவர் தடுத்து வைக்கப்பட்டபோது, ஆசனத்துக்கு உரியவர் இருந்தும் ஆசனம் வெறுமையாய்க் கிடந்தது எனலாம். 1959ஆம் ஆண்டு எல்லை நிர்ணயத்தினால் தெரிவு செய்யப்படும் உறுப்பினர் தொகை 95இலிருந்து 151ஆக உயர்ந்தது. குடாநாட்டிலே உடுவில், நல்லூர், உடுப்பிட்டி என்பன புதிய தொகுதிகளாயின. வலிகாமத்தின் உட்பகுதியிலே உடுவில் தோன்றியதும், காங்கேசன்துறைத் தொகுதி பெரும்பாலும் தெல்லிப்பழையை நடுவாகக் கொண்ட வடவலிகாமத் தொகுதியாயிற்று.

ஆனால் 1968ஆம் ஆண்டு நிகழ்ச்சியொன்றை விரைந்து கடத்தல் நேர்மையாகாது. மாவிட்டபுரம் கந்தசுவாமி கோவிலுள்ளே தம்மையும் அனுமதிக்குமாறு தாழ்த்தப்பட்டோர் எனப்பட்ட சைவ மக்கள் போராடினர். கணித அறிஞரும் முன்னாள் மந்திரியுமான சி. சுந்தரலிங்கம் வாயிலில் நின்று தடுத்தார். 1957ஆம் ஆண்டின் சமூகக் குறைபாடுகள் ஒழிப்புச் சட்டத்தின்கீழ் அவர்மீது வழக்கு நடந்தது. அது பிரிவி கவுன்சில் வரை சென்றது. 1931 தொடக்கம் வாக்குச் சாவடியிலே எவரோடும் ஒப்ப நின்றவர்கள், 37 ஆண்டுகள் கழிந்தும் கோவில் வாயிலிலே தடுக்கப்பட்டனர். தமிழரின் சமத்துவத்துக்காகக் கொழும்பிலே வாதாடிய தொகுதியின் உள்ளேயே இது நிகழ்ந்தது. ஒரு தொகுதியை ஒரு குரலாகவே கேட்பது தனி அங்கத்தவர் முறையின் பழக்கம். அக்குரலினுள்ளே எத்தனை குரல்கள் அமுங்கிக் கிடந்தன என்பதை இந்நிகழ்ச்சி வெளிப்படுத்திற்று. 1970ஆம் ஆண்டுத் தேர்தலிலே செல்வநாயகத்தை எதிர்த்துச் சுந்தரலிங்கமும், சாதி ஒடுக்குமுறைக்கு எதிரான இயக்கங்களில் ஆர்வங்கொண்ட பொதுவுடைமைக் கட்சியைச் சேர்ந்த வி. பொன்னம்பலமும் போட்டியிட்டனர். செல்வநாயகம் வென்றாராயினும் வாக்குகள் பலவாறு பிரிந்தன. 1970இன் காங்கேசன்துறை ஒருமனப்பட்ட தொகுதியன்று.

அத்தகைய தொகுதியையே அவர் பரீட்சைக் களமாக்கத் துணிந்தார். 1972 மே 22ஆந் திகதி நடைமுறைக்கு வந்த குடியரசு அரசியலமைப்பு, சிங்களத்தை அரசகரும மொழியாக அரசியலமைப்பிலேயே பொறித்தது. பௌத்தத்துக்கு முதன்மையிடம் அளித்தது. சிறுபான்மையோர்க்குக் காப்பாகச் சோல்பரி அமைப்பிலே இருந்த 29ஆம் பிரிவு அதிலே இடம்பெறவில்லை. தமிழ் மக்கள் இதனை ஏற்றுக்கொண்டார்களா என்ற வினாவுக்கு விடை காண ஒரு வழியே செல்வநாயகத்துக்குத் தோன்றிற்று. 1972 ஒக்டோபரிலே தமது உறுப்புரிமையைத் துறந்தார். தம்மை எதிர்த்து அரசாங்கத்தின் சார்பில் ஒருவர் நிற்கட்டும். காங்கேசன்துறை மக்கள் தீர்ப்புக் கூறட்டும் என்று அறைகூவினார்.

இதன் நுட்பத்தைக் கவனித்தல் வேண்டும். நாடு முழுவதிலும் சர்வசன வாக்கெடுப்பு நடந்தால் தமிழர் வாக்கு பெருங்கடலிற் கரைந்துவிடும். ஒரு தொகுதியிலே இடைத்தேர்தல் நடந்தாலோ, அத்தொகுதி தமிழர் அனைவருக்கும் பதிலாகப் பேசும். தனி அங்கத்தவர் முறை ஒரு வழக்கறிஞருக்குக் கொடுத்த கருவி இது. முதிர்ந்த வயதும் நடுக்குவாத நோயும் அவரை வருத்திய காலம். குரலே சரிவர எழாத நிலை. பேச முடியாத ஒருவர் ஆசனத்தைக் காலியாக்கிப் பேசினார்.

அரசாங்கம் தேர்தலை நடத்தவில்லை. அவசரகால நிலை காரணமாகக் காட்டப்பட்டது. மாதங்கள் ஆண்டுகளாயின. பல்கலைக்கழக அனுமதியிலே தரப்படுத்தல் முறை புகுத்தப்பட்டு மாணவருள்ளம் கொதித்த காலமும், 1974 சனவரியிலே யாழ்ப்பாணத்தில் நடைபெற்ற தமிழாராய்ச்சி மாநாட்டின் இறுதிநாளில் உயிர்கள் பலியான காலமும் இதுவே. இக்காலமெல்லாம் காங்கேசன்துறைக்கு உறுப்பினர் இல்லை. வினா விடுத்தவர் காத்திருந்தார். விடை சொல்ல வேண்டியவரும் காத்திருந்தனர். இடையிலே வளர்ந்த இளைஞர் சிலருக்கு வாக்குச் சீட்டின்மீதே நம்பிக்கை தளர்ந்தது. இந்தத் தாமதமே பெரும் பிழை என்பது எமது துணிபு. 1972இலே உடனே தேர்தல் நடந்திருந்தால் கிடைத்திருக்கக்கூடிய விடை, 1975இலே கிடைத்த விடையைக் காட்டிலும் மென்மையானதாக இருந்திருக்கலாம்.

இரண்டு ஆண்டும் நான்கு மாதமும் கழிந்து, 1975 பெப்ரவரி 6ஆந் திகதி வாக்கெடுப்பு நடந்தது. அரசாங்கத்தில் அங்கம் வகித்த பொதுவுடைமைக் கட்சியின் வேட்பாளராக வி. பொன்னம்பலம் நின்றார். செல்வநாயகம் 25,927 வாக்குகளும், பொன்னம்பலம் 9,457 வாக்குகளும் பெற்றனர். மேலதிக வாக்குகள் 16,470. ஐந்து ஆண்டுகளுக்கு முன் பிரிந்து நின்ற தொகுதி பெருமளவில் ஒன்றுதிரண்டது. பொன்னம்பலத்துக்கு விழுந்த வாக்குகளும் சிறிய தொகையன்று. நால்வரில் ஒருவர் அவரை விரும்பினர். சாதிக் கொடுமையை நேரே கண்ட ஊர்களிலே அவ்வாக்குகளுக்குப் பொருளுண்டு.

தீர்ப்பு வந்தது, எதற்குத் தீர்ப்பு? அரசியலமைப்பை மக்கள் நிராகரித்தனர் என்பதில் ஐயமில்லை. வெற்றி பெற்ற செல்வநாயகமோ, தமிழர் சுதந்திர அரசொன்றை அமைக்க ஆணை தந்துவிட்டனர் என்று அதற்குப் பொருள் கூறினார். வாக்குச் சீட்டிலே வினா அச்சிடப்படுவதில்லை. பெயரும் சின்னமுமே அச்சிடப்படுகின்றன. விடையைப் படிப்பவரே வினாவையும் எழுதிக்கொள்ளும்படி நேர்வது இடைத்தேர்தலுக்கு உள்ள இடர். 1972இலே கேட்கப்பட்ட வினாவும் 1975இலே படிக்கப்பட்ட விடையும் ஒன்றுக்கொன்று சற்று விலகி நிற்பதை வரலாற்று மாணவர் உற்றுநோக்கல் வேண்டும். அவ்விலகலை உண்டாக்கியது இடைப்பட்ட காலமே. கொழும்போ எப்பொருளையும் கொள்ளவில்லை. அரசியலமைப்பு மாறவில்லை, பேச்சுவார்த்தையும் பயன்தரவில்லை. 1976 மே 14ஆந் திகதி பண்ணாகத்தில் நடைபெற்ற மாநாட்டிலே தமிழர் விடுதலைக் கூட்டணி தனியரசுத் தீர்மானத்தை நிறைவேற்றிற்று. அதுவே வட்டுக்கோட்டைத் தீர்மானம் எனப்படுவது.

1977 ஏப்ரில் 26ஆந் திகதி செல்வநாயகம் காலமானார். அவ்வாண்டு யூலையிலே நடைபெற்ற பொதுத் தேர்தலில் காங்கேசன்துறைக்குக் கூட்டணி நிறுத்தியவர் அ. அமிர்தலிங்கம். 1956 முதல் வட்டுக்கோட்டையின் உறுப்பினராயிருந்து 1970இலே அங்கே தோற்றவர் அவர். பெருவாரியான வாக்குகளால் வென்றார். நாடு முழுவதிலும் ஐக்கிய தேசியக் கட்சி 168 ஆசனங்களில் 140ஐக் கைப்பற்ற, சுதந்திரக் கட்சி எட்டாக இளைத்தது. 18 ஆசனங்களைப் பெற்ற கூட்டணியே பிரதான எதிர்க்கட்சியாயிற்று. அதனால் காங்கேசன்துறையின் உறுப்பினர் இலங்கையின் எதிர்க்கட்சித் தலைவரானார். தனிநாடு கோரி வாக்குப் பெற்றவர், அந்நாட்டின் பாராளுமன்றத்திலேயே மாற்று அரசாங்கத்தின் தலைவர்க்குரிய கதிரையில் அமர்ந்தார். இந்த முரண்பாட்டை அவர் ஆறு ஆண்டுகள் சுமந்தார். தெற்கிலே அவரைப் பிரிவினைவாதி என்றனர். வடக்கிலே இளைஞர் அவரை இணங்கிப்போபவர் என்றனர்.

1983 யூலைக் கலவரத்தின் பின், ஓகஸ்ட் மாதத்திலே அரசியலமைப்புக்கு ஆறாவது திருத்தம் நிறைவேறியது. தனியரசை ஆதரிப்பதில்லை என்று ஒவ்வோர் உறுப்பினரும் சத்தியம் செய்ய வேண்டும் என்பது அது. எந்த ஆணையைப் பெற்று வந்தனரோ அதனையே மறுத்துச் சத்தியம் செய்யக் கூட்டணியினரால் இயலவில்லை. தொடர்ந்து மூன்று மாதம் சபைக்குச் செல்லாமையால் அவர்கள் அவ்வாண்டு ஒக்டோபரிலே ஆசனங்களை இழந்தனர். பொதுத் தேர்தலுக்குப் பதிலாக 1982 டிசம்பரில் நடந்த சர்வசன வாக்கெடுப்பினால் பாராளுமன்றத்தின் ஆயுள் முன்னரே நீட்டப்பட்டிருந்தது. அந்நீட்டிப்பை யாழ்ப்பாண மாவட்டம் பெருவாரியாக எதிர்த்தே வாக்களித்தது. ஆகவே மக்கள் விரும்பாத நீட்டிப்பின்போது, மக்கள் அனுப்பியவர் இல்லாத ஆசனமாகக் காங்கேசன்துறை 1988 இறுதியிலே சபை கலையும்வரை கிடந்தது. மூன்று வெறுமைகளுள் இதுவே மிக நீண்டது. இம்முறை இடைத்தேர்தல் நடக்கவில்லை.

1978ஆம் ஆண்டு அரசியலமைப்பு விகிதாசாரப் பிரதிநிதித்துவத்தைக் கொணர்ந்திருந்தது. 1989 பெப்ரவரித் தேர்தலிலேயே அது பாராளுமன்றத் தேர்தலில் முதன்முதல் நடைமுறைக்கு வந்தது. யாழ்ப்பாணம், கிளிநொச்சி நிருவாக மாவட்டங்கள் இரண்டும் ஒரே தேர்தல் மாவட்டமாயின. பழைய தொகுதிகள் வாக்கெண்ணும் வசதிக்கான பிரிவுகளாகச் சுருங்கின. இம்முறையில் நியாயம் உண்டு: 1977இலே பாதியளவு வாக்கைக் கொண்டு ஆறிலைந்து பங்கு ஆசனங்களைப் பெற்ற விந்தை இனி நேராது, சிறு கட்சிகளுக்கும் இடங்கிடைக்கும். ஆனால் ஓர் உறுப்பினர் விலகினால் பட்டியலில் அடுத்தவர் வந்து அமர்வார். ஆசனம் வெறுமையாகாது. வெறுமையாகாத ஆசனத்தைக் கொண்டு எவரும் மக்களிடம் வினா விடுக்க முடியாது. 1972இலே செல்வநாயகம் கையாண்ட வழி அடைபட்டுவிட்டது.

தொகுதி போன ஓராண்டிலே ஊரும் போயிற்று. 1990 யூன் மாதம் யுத்தம் மீண்டும் மூண்டபோது வலிகாமம் வடக்கு மக்கள் இடம்பெயர்ந்தனர். பலாலி விமானத் தளத்தையும் துறைமுகத்தையும் சூழ்ந்த பெருநிலப்பரப்பு உயர் பாதுகாப்பு வலயமாயிற்று. சீமெந்துத் தொழிற்சாலை ஓய்ந்தது; புகையிரதம் நின்றது. ஒரு காலத்தில் ஆசனம் மட்டும் வெறுமையாயிருந்த தொகுதியிலே இப்போது வீடுகளும் கோவில்களும் பாடசாலைகளும் வெறுமையாயின. ஊர்களின் பெயர்கள் வாக்காளர் இடாப்பிலே இருந்தன. அவ்வூரவர் முகாம்களிலும் உறவினர் வீடுகளிலும் கடல்கடந்த நாடுகளிலும் இருந்தனர். 2009இலே யுத்தம் முடிந்தபின் காணிகள் கட்டங்கட்டமாக விடுவிக்கப்படலாயின. 2015 சனவரியிலே புகையிரதம் மீண்டும் காங்கேசன்துறையை அடைந்தது. மயிலிட்டித் துறைமுகம் 2017 யூலையில் மக்களிடம் திரும்பிற்று. திரும்பிச் சென்றோர் பற்றை மண்டிய நிலத்திலே கிணற்றையும் அத்திவாரத்தையும் அடையாளமாகக் கொண்டு தம் வளவின் எல்லையைத் தேடினர்.

பொதுத் தேர்தல் நாளின் இரவிலே முடிவுகள் அறிவிக்கப்படும்போது, 'யாழ்ப்பாணத் தேர்தல் மாவட்டம், காங்கேசன்துறைத் தேர்தற் பிரிவு' என்று இன்றும் ஒலிக்கக் கேட்கின்றோம். கட்சிகள் பெற்ற வாக்குகள் ஒவ்வொன்றாக வாசிக்கப்படும். செல்லுபடியற்ற வாக்குகளின் தொகையும் சொல்லப்படும். பின்னர் அடுத்த பிரிவின் பெயர் வரும்.